மாத வருமானம் எவ்வளவு?

2024 நவம்பர் 27. மாமல்லபுரத்தை அடுத்த பண்டிதமேட்டில், பழைய மாமல்லபுரம் சாலையின் ஓரத்தில் ஐந்து பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். மாடு மேய்க்க வந்தவர்கள். மாடுகளைப் பக்கத்தில் விட்டுவிட்டுக் கொஞ்சம் இளைப்பாறிக்கொண்டிருந்த நேரம். வேகமாக வந்த கார் ஒன்று சாலையை விட்டு விலகி அவர்கள்மீது பாய்ந்தது. ஐவரும் இறந்தார்கள். எல்லோரும் ஐம்பது வயதைத் தாண்டியவர்கள்.

இப்படி ஒரு சாவு நேர்ந்த வீட்டை நோக்கிச் சட்டம் பல கேள்விகளைக் கேட்கிறது. வண்டி யாருடையது, இன்சூரன்ஸ் இருந்ததா, ஓட்டியவரிடம் உரிமம் இருந்ததா என்பவற்றுக்கெல்லாம் காவல் நிலையத்திலும் வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்திலும் காகிதம் கிடைத்துவிடும். இறந்தவரின் வயதை ஆதார் அட்டை சொல்லிவிடும். ஒரே ஒரு கேள்விக்குத்தான் பெரும்பாலான வீடுகளில் காகிதம் இருப்பதில்லை: இறந்தவரின் மாத வருமானம் எவ்வளவு? மாடு மேய்த்த பெண்ணுக்கு மாத வருமானம் என்று எதைச் சொல்வது? தீர்ப்பாயம் கடைசியில் எழுதும் தொகை ஏறக்குறைய முழுவதும் இந்தக் கேள்விக்கான பதிலில்தான் தொங்குகிறது. மற்றவற்றையெல்லாம் கடந்த முப்பது ஆண்டுகளில் உச்ச நீதிமன்றம் அட்டவணை போட்டு முடித்துவிட்டது.

செங்கல்பட்டு மாவட்டத்தை எடுத்துக்கொண்டு இதைப் பேசுவதற்குக் காரணம் உண்டு. 2019 நவம்பர் 29 அன்று காஞ்சிபுரத்திலிருந்து பிரிந்த இந்த மாவட்டத்தின் வழியாக ஜி.எஸ்.டி. சாலை, கிழக்குக் கடற்கரைச் சாலை, பழைய மாமல்லபுரம் சாலை என மூன்று பெரும் சாலைகள் ஓடுகின்றன. சாலையில் விரைபவர்களில் பலர் சென்னையிலிருந்து வருகிறவர்கள். சாலையைக் குறுக்கே கடப்பவர்களும் ஓரத்தில் நடப்பவர்களும் உள்ளூர்க்காரர்கள்: கல் தச்சர், மீன் கூடை தூக்கும் பெண், நூறு நாள் வேலைக்குப் போகிறவர், மாடு மேய்ப்பவர். சம்பளச் சீட்டு என்பதைக் கண்ணால் பார்க்காதவர்கள். தமிழ்நாட்டில் 2022-இல் மட்டும் 64,105 சாலை விபத்துகள் பதிவாயின. 17,884 பேர் இறந்தார்கள். விபத்துகளின் எண்ணிக்கையில் அந்த ஆண்டு நாட்டிலேயே முதலிடம் நமக்குத்தான்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். நீதிமன்றம் உயிருக்கு விலை வைப்பதில்லை. இறந்தவரை நம்பி இருந்தவர்கள் அந்தச் சாவால் எவ்வளவு பணத்தை இழந்தார்கள் என்றுதான் கணக்குப் பார்க்கிறது. இந்தப் பார்வை 1846-இல் இங்கிலாந்தில் பிறந்தது. ரயில் விபத்துகள் பெருகிய அந்தக் காலத்தில்தான், ஒருவர் பிறரின் தவறால் செத்துப்போனால் அவர் குடும்பம் வழக்குப் போடலாம் என்று முதல் தடவையாகச் சட்டம் வந்தது. அதுவரை காயம்பட்டவருக்கு ஈடு உண்டு, செத்தவரின் குடும்பத்துக்கு ஒன்றும் இல்லை. அதே சட்டம் இந்தியாவுக்கு 1855-இல் வந்தது. அதன் கீழ் உச்ச நீதிமன்றம் தந்த முக்கியமான தீர்ப்பு நம் ஊர்ப் பேருந்து ஒன்றைப் பற்றியதுதான். தாராபுரத்திலிருந்து பழனி போன தனியார் பேருந்து 1947 செப்டம்பரில் விபத்துக்குள்ளானது. பயணி ஒருவர் இறந்தார். கோபால்ட் மோட்டார் சர்வீஸ் வழக்கு என்று சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கும் அந்த வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்தது 1961-இல். குடும்பம் இழந்த ஆதரவு ஒரு தலைப்பு, இறந்தவரின் சொத்துக்கு நேர்ந்த இழப்பு இன்னொரு தலைப்பு, ஒரே பணம் இரண்டிலும் சேர்ந்துவிடக் கூடாது என்ற பிரிப்பு அதில்தான் உறுதிப்பட்டது.

பதினான்கு ஆண்டு இழுக்கும் உரிமையியல் வழக்கு ஏழைக் குடும்பத்துக்கு உதவாது. அதனால் 1956-இல் மோட்டார் வாகனச் சட்டத்தைத் திருத்தித் தனித் தீர்ப்பாயங்களுக்கு வழி செய்தார்கள். இன்றைக்கு மாவட்ட நீதிபதிகளே பெரும்பாலும் இந்தத் தீர்ப்பாயத்தையும் நடத்துகிறார்கள். இங்கே போடும் இழப்பீட்டு மனுவை வக்கீல்கள் எம்.சி.ஓ.பி. என்பார்கள், கட்சிக்காரர்கள் ஆக்சிடென்ட் கேஸ் என்பார்கள். விபத்து நடந்த இடம், மனுதாரர் வசிக்கும் இடம், எதிர்மனுதாரர் வசிக்கும் இடம் ஆகிய மூன்றில் எங்கு வேண்டுமானாலும் மனுப் போடலாம். கோவளத்தில் அடிபட்டு இறந்த சென்னைக்காரரின் குடும்பம் சென்னையிலேயே வழக்கு நடத்தலாம், செங்கல்பட்டுக்கு அலைய வேண்டியதில்லை. கிரிமினல் வழக்கைப் போல ஐயத்துக்கு இடமில்லாத சாட்சியமும் இங்கே தேவையில்லை. எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்று பார்த்தால் போதும். முதல் தகவல் அறிக்கை, ரஃப் ஸ்கெட்ச், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, போஸ்ட்மார்ட்டம் சான்று, வாரிசுச் சான்று ஆகியவற்றை வைத்துக்கொண்டு தவறு யாருடையது என்ற வழக்கின் முதல் பாதியை ஓரளவு கடந்துவிடலாம்.

ஒரு பைக்கில் மூன்று பேர் போனார்கள் என்பதற்காக இழப்பீட்டைக் குறைக்க வேண்டும் என்று இன்சூரன்ஸ் தரப்பு வாதிடுவது வழக்கம். கடற்கரைக் குப்பங்களில் மூன்று பேர் போகாத பைக் குறைவு என்பதால் இதைச் சொல்கிறேன்: மூன்று பேர் உட்கார்ந்தது விபத்துக்கோ காயம் பெரிதானதற்கோ காரணமாக இருந்தது என்று காட்டினால்தான் குறைக்கலாம், சட்டத்தை மீறியது மட்டுமே போதாது என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

இனி கணக்கு. 2009 ஏப்ரல் வரை இந்தக் கணக்கு ஊருக்கு ஊர், நீதிபதிக்கு நீதிபதி மாறிக்கொண்டிருந்தது. ஒரே வயது, ஒரே சம்பளம், ஒரே அளவு குடும்பம். தொகையோ இரு மடங்கு வேறுபடும். கேரள அரசுப் போக்குவரத்துக் கழகம் எதிர் சூசம்மா தாமஸ் வழக்கில் 1994-இலேயே, ஆண்டு இழப்பை வயதுக்கேற்ற ஓர் எண்ணால் பெருக்கும் பெருக்கி முறையே சரியான முறை என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் எந்த வயதுக்கு எந்தப் பெருக்கி என்பதில் குழப்பம் தொடர்ந்தது. அதே ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தில் சேர்த்த இரண்டாம் அட்டவணையில் கூட்டல் பெருக்கல் பிழைகளே நிறைய இருந்ததை 1996-இல் உச்ச நீதிமன்றமே சுட்டிக்காட்டியது. சரளா வர்மா வழக்கின் தீர்ப்புதான் 2009-இல் ஒழுங்கைக் கொண்டுவந்தது. இறந்தவரின் வயது 15 முதல் 25 வரை என்றால் பெருக்கி 18. 26 முதல் 30 வரை 17. 31 முதல் 35 வரை 16. இப்படி இறங்கிக்கொண்டே போய் 65-ஐத் தாண்டினால் 5. இறந்தவர் தனக்கென்று செலவழித்திருக்கக்கூடிய பங்கையும் அந்தத் தீர்ப்பு நிர்ணயித்தது. சார்ந்திருப்போர் இரண்டு மூன்று பேர் என்றால் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கைக் கழிக்க வேண்டும். நான்கு முதல் ஆறு பேர் என்றால் நான்கில் ஒரு பங்கு. ஆறுக்கு மேல் ஐந்தில் ஒன்று. மணமாகாதவர் என்றால் பாதி.

எட்டு ஆண்டு கழித்து, 2017 அக்டோபர் 31 அன்று, பிரணய் சேத்தி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு மீதி இடைவெளிகளையும் அடைத்தது. மனிதர் சாகாமல் இருந்திருந்தால் அவர் வருமானம் உயர்ந்திருக்கும் அல்லவா? நிரந்தர வேலையில் இருந்தவர் 40 வயதுக்கு உட்பட்டவர் என்றால் 50 விழுக்காடு கூட்டிக்கொள்ளலாம். சுயதொழில் செய்தவர், கூலிக்காரர் என்றால் 40 விழுக்காடு. நாற்பதிலிருந்து ஐம்பதுக்குள் இது 30, 25. ஐம்பதிலிருந்து அறுபதுக்குள் 15, 10. துணையை இழந்ததற்கு 40,000 ரூபாய், சொத்து இழப்புக்கு 15,000, ஈமச்செலவுக்கு 15,000, இவற்றை மூன்றாண்டுக்கு ஒருமுறை பத்து விழுக்காடு உயர்த்த வேண்டும். 2018-இல் வந்த மற்றொரு தீர்ப்பு, பெற்றோரை இழந்த பிள்ளைக்கும் பிள்ளையை இழந்த பெற்றோருக்கும் அதே துணையிழப்புத் தொகை உண்டு என்றது. அந்த 40,000 இப்போது 48,400 ஆகியிருக்கிறது.

மாமல்லபுரத்தில் கல் செதுக்கும் ஒருவரைக் கற்பனையாக எடுத்துக்கொள்வோம். வயது 34. மனைவி, இரண்டு குழந்தைகள், தாய் என நான்கு பேர் அவரை நம்பி இருக்கிறார்கள். தீர்ப்பாயம் அவர் மாத வருமானத்தை 12,000 ரூபாய் என்று வைத்துக்கொள்கிறது. 40 விழுக்காடு கூட்டினால் 16,800. நான்கில் ஒரு பங்கைக் கழித்தால் 12,600. ஆண்டுக்கு 1,51,200. பெருக்கி 16. ஆக 24,19,200 ரூபாய். நான்கு பேருக்குத் துணையிழப்பு 1,93,600. சொத்து இழப்பும் ஈமச்செலவும் சேர்த்து 36,300. மொத்தம் 26,49,100 ரூபாய்.

இதே கணக்கில் மாத வருமானத்தை மட்டும் ஆயிரம் ரூபாய் கூட்டிப் பாருங்கள். இழப்பீடு 2,01,600 ரூபாய் கூடுகிறது. அவருக்கு உண்மையில் மாதம் 25,000 வந்துகொண்டிருந்தது, ஆனால் நிரூபிக்க முடியவில்லை, நீதிமன்றம் 12,000-தான் என்றது என்று வையுங்கள். அந்தக் குடும்பம் இழப்பது 26 லட்சத்துக்கும் மேல். கொடுக்கப்பட்ட தொகைக்கு ஏறக்குறையச் சமமான இன்னொரு தொகை, காகிதம் இல்லாத ஒரே காரணத்தால் கைக்கு வராமல் போகிறது. வயதையும் பெருக்கியையும் கழிவையும் இவ்வளவு கவனமாகச் சீராக்கிய பிறகு, ஊகத்துக்கு மிச்சமிருப்பது இந்த ஓர் எண்தான். ஆனால் எல்லா எண்களிலும் கனமானது இதுதான்.

கூலிக்காரர் வருமானச் சான்று கொண்டுவர முடியாது என்பதை உச்ச நீதிமன்றம் ஒப்புக்கொண்டிருக்கிறது. 2011-இல் பெங்களூர்க் கூலித் தொழிலாளி ஒருவரின் வழக்கில் மாதம் 4,500 ரூபாய் என்று அவர் சொன்னதை ஆவணமே இல்லாமல் ஏற்றுக்கொண்டது. 2014-இல் சையத் சாதிக் வழக்கில், காய்கறி விற்றவர் மாதம் 6,500 ரூபாய் சம்பாதித்திருப்பார் என்று ஏற்றது. கைவண்டியில் காய் விற்பவரிடம் ரசீதுப் புத்தகம் கேட்பது நியாயமில்லை என்ற அளவில் அது நல்ல தீர்ப்பு. ஆனால் பிறகு நடந்தது வேறு. 2008-இல் நடந்த விபத்துக்கு உரிய அந்த 6,500-ஐ அடித்தளமாக வைத்து, ஆண்டுக்கு இவ்வளவு என்று ஏற்றிக்கொண்டே போய், எந்தத் தொழில் செய்தவராக இருந்தாலும் சான்று இல்லையென்றால் இந்த எண் என்று எழுதும் பழக்கம் ஊன்றிவிட்டது. காய்கறிக்காரரைக் காப்பாற்ற வந்த எண், அவரைவிட அதிகம் சம்பாதித்த தொழிலாளியின் தலைக்கு மேல் கூரையாகிவிடுகிறது.

மாமல்லபுரத்துச் சிற்பியைப் பாருங்கள். 1957-இல் அங்கே தொடங்கிய சிற்பக் கல்லூரி, அதன் வழி உருவான பட்டறைகள், 2017-இல் மாமல்லபுரம் கற்சிற்பங்களுக்குக் கிடைத்த புவிசார் குறியீடு என இந்தத் தொழிலுக்குப் பொதுவெளியில் பெயர் இருக்கிறது. தொழிலாளிக்கு வரும் பணத்துக்குத்தான் பதிவு இல்லை. முழுச் சிலைக்கு இவ்வளவு என்று பேசி, முன்பணம் வாங்கி, வேலை முடிந்ததும் மீதியை வாங்கும் தொழில் இது. கோயில் திருப்பணி வந்தால் ஆறு மாதம் ஓய்விருக்காது, பிறகு மூன்று மாதம் உளிக்கு வேலை இருக்காது. பொளியத் தெரிந்தவர், முகம் திறக்கத் தெரிந்தவர், மெருகு போடுபவர் என்று கூலி வேறுபடும். கண் திறக்கும் கைக்கும் கல் உடைக்கும் கைக்கும் ஒரே எண்ணை எழுதுவது தொழில் அறியாதவர் செய்யும் பிழை.

கடலுக்குப் போகிறவர் கணக்கு இன்னும் சிக்கல். மாமல்லபுரம் கரையில் ஃபைபர் படகில் போகிறவருக்குச் சம்பளம் கிடையாது, பங்குதான். படகுக்கும் வலைக்கும் டீசலுக்கும் போக மீதியை ஆள் கணக்கில் பிரித்துக்கொள்வார்கள். ஒரு நாள் ஐயாயிரம், அடுத்த நான்கு நாள் வெறுங்கை. வடகிழக்குப் பருவமழையில் கடல் கொந்தளிக்கும் நாட்களில் படகு கரையிலேயே கிடக்கும். விசைப்படகுக்காரர்களுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடை. இதில் மாத வருமானம் என்பது ஓர் ஆண்டைப் பன்னிரண்டால் வகுத்தால் மட்டும் கிடைக்கும் எண், எந்த மாதமும் உண்மையில் கைக்கு வராத எண்.

காகிதமே இல்லையா என்றால், இருக்கிறது. சம்பளச் சீட்டுதான் இல்லை. மீனவர் கூட்டுறவுச் சங்க உறுப்பினர் அட்டை, நலவாரிய அட்டை, ஏலக்காரரின் நோட்டு, மகளிர் குழுக் கடனின் தவணைப் புத்தகம், பிள்ளையின் பள்ளிக் கட்டண ரசீது, இப்போது கைப்பேசியில் வரும் யு.பி.ஐ. வரவுகள், சிலை வாங்கிய கோயில் நிர்வாகத்தின் ரசீது என்று வாழ்க்கையே பல இடங்களில் சிறு தடயங்களை விட்டுச் செல்கிறது. மாதம் எட்டாயிரம் தவணை கட்டிக்கொண்டிருந்த வீட்டின் வருமானம் ஒன்பதாயிரமாக இருந்திருக்க முடியாது. இவற்றைச் சேர்த்துச் சான்றாவணமாக்கும் வக்கீலின் உழைப்பும், பக்கத்துப் பட்டறைக்காரரை அழைத்து வேலையின் தரத்தைச் சொல்ல வைக்கும் பொறுமையும் எல்லா வழக்கிலும் இருப்பதில்லை. மனைவி கூண்டில் ஏறி, என் கணவர் மாதம் இருபத்தைந்தாயிரம் சம்பாதித்தார் என்று சொல்வார். குறுக்கு விசாரணையில், அதற்கு ஆவணம் எதுவும் தாக்கல் செய்யவில்லை என்று சொன்னால் சரிதானா என்பார்கள். சரிதான் என்பார் அவர். அந்த ஒரு சொல்லோடு வருமானக் கேள்வி முடிந்துவிடும். என் பார்வையில் இந்த அமைப்பின் மிகப் பெரிய அநீதி இந்த இடத்தில்தான் நடக்கிறது, சத்தமில்லாமல்.

பெண்கள் விஷயத்தில் இது வேறொரு ஆழத்துக்குப் போகிறது. 1994-இன் இரண்டாம் அட்டவணை, சம்பாதிக்காத மனைவியின் மதிப்பைக் கணவரின் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு என்று எழுதி வைத்தது. வருமானம் இல்லாத மற்றவர்களுக்கு ஆண்டுக்கு 15,000 ரூபாய். இந்த எண்கள் 2018 வரை மாறவே இல்லை. ஜாம்ஷெட்பூரில் 1989 மார்ச்சில் நடந்த தீ விபத்து பற்றிய வழக்கில், 2001-இல் உச்ச நீதிமன்றம் இல்லத்தரசியின் பணியை மாதம் 3,000 ரூபாய் என்று கணக்கிட்டது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி பிரபா ஸ்ரீதேவன் இடம்பெற்ற அமர்வு 2009-இல் இதை நேராகவே எடுத்துக்கொண்டு, வீட்டு வேலைக்குச் சந்தை விலை இல்லை என்பதற்காக அதற்கு மதிப்பே இல்லை என்று ஆகாது என்று விரிவாகப் பேசியது. தமிழ்நாட்டு நீதிமன்ற வரலாற்றில் நாம் பெருமைப்பட வேண்டிய தீர்ப்புகளில் அது ஒன்று. 2021 ஜனவரியில் கீர்த்தி வழக்கில் நீதிபதி ரமணா தனியாக எழுதிய குறிப்பு இன்னும் ஒரு படி மேலே போனது. பெண்கள் நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடம் ஊதியமில்லா வீட்டு வேலை செய்கிறார்கள், ஆண்கள் 97 நிமிடம் என்ற அரசுப் புள்ளிவிவரத்தை முன்வைத்து, இல்லத்தரசிக்கு வருமானம் நிர்ணயிப்பது சலுகை ஆகாது, அவர் உழைப்பை ஒப்புக்கொள்வது என்றார்.

ஆனால் பண்டிதமேட்டுப் பெண்கள் இந்தத் தீர்ப்புகளின் சட்டகத்துக்குள்ளும் முழுதாக அடங்கவில்லை. அவர்களை இல்லத்தரசி என்பதா, தொழிலாளி என்பதா? கிராமத்துப் பெண் விடியற்காலையில் சோறாக்கிவிட்டு, மாட்டை ஓட்டிக்கொண்டு போய், வேலை கிடைத்த நாளில் நூறு நாள் வேலைக்கும் போய், மாலையில் பால் கறந்து ஊற்றிவிட்டு, பேரப்பிள்ளையைப் பார்த்துக்கொள்கிறார். ஐந்து வேலை. வழக்கு மனுவில் ஒன்றுதான் எழுதப்படுகிறது. ஒன்று கூலி, இல்லையேல் இல்லத்தரசி. நீதிமன்றம் எதை எழுதினாலும் மற்றவை கணக்கிலிருந்து போய்விடுகின்றன. வெளிவேலையின் வருமானமும் வீட்டு வேலையின் மதிப்பும் இரண்டையும் கூட்டித்தான் இத்தகைய பெண்ணின் வருமானத்தை நிர்ணயிக்க வேண்டும் என்பது என் கருத்து. இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. நியாயமான இழப்பீடு என்று சட்டத்தின் 168-ஆம் பிரிவு சொல்வதே போதும். கேட்ட தொகைக்கு மேலும் கொடுக்கலாம் என்று 2002-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

வயதும் இங்கே எதிராக நிற்கிறது. 58 வயதுப் பெண் ஒருவர், சார்ந்திருப்போர் இருவர் என்று வைத்தால் பெருக்கி 9, வருமான உயர்வு 10 விழுக்காடு. மாதம் 8,000 என்று எடுத்தால் சார்பிழப்பு 6,33,600 ரூபாய். 62 வயது என்றால் பெருக்கி 7, உயர்வு ஏதும் இல்லை, 4,48,000-தான். 2019 திருத்தத்தின்படி 2022 ஏப்ரல் முதல் நடைமுறையில் உள்ள 164-ஆம் பிரிவு, தவறு யாருடையது என்று நிரூபிக்காமலே ஐந்து லட்சம் தருகிறது. அந்த வழியை ஏற்றுக்கொண்டால் தீர்ப்பாயத்தில் போட்ட மனு காலாவதியாகிவிடும். அறுபதைத் தாண்டிய ஏழைப் பெண்ணின் குடும்பத்துக்கு, ஆண்டுக்கணக்கில் வழக்கு நடத்திக் கிடைப்பதும் கேட்காமல் கிடைப்பதும் ஏறக்குறைய ஒன்றாகவே வந்து நிற்கிறது. பலர் ஐந்து லட்சத்தோடு நின்றுகொள்வதை நான் குறை சொல்ல மாட்டேன்.

மணமாகாத இளைஞர்கள் இறந்தால் வருமானத்தில் பாதியைக் கழிக்கிறார்கள். தனக்கென்று அதிகம் செலவழித்திருப்பார், நாளை மணம் செய்துகொண்டு பெற்றோருக்குக் கொடுப்பதைக் குறைத்திருப்பார் என்பது அதற்குச் சொல்லும் காரணம். நகரத்து மாதச் சம்பளக்காரருக்கு இது பொருந்தலாம். குப்பத்தில் இருபது வயதுப் பையன் பங்குப் பணத்தை அப்படியே அம்மாவின் கையில் கொடுக்கிறான். அக்காளின் சீர், தம்பியின் ஐ.டி.ஐ. கட்டணம் எல்லாம் அதிலிருந்துதான். விதவைத் தாயும் சம்பாதிக்காத தம்பி தங்கைகளும் அவனையே நம்பியிருந்தால் மூன்றில் ஒரு பங்கு மட்டும் கழிக்கலாம் என்று சரளா வர்மா தீர்ப்பே வழிவிட்டிருக்கிறது. அந்த விலக்கை எடுத்துக் காட்டிக் கேட்கும் மனுக்கள் பெருக வேண்டும். ஒரு காலத்தில் மணமாகாதவருக்குத் தாயின் வயதை வைத்துப் பெருக்கியைக் குறைத்தார்கள். அந்த வழக்கம் இப்போது ஒழிந்துவிட்டது, இறந்தவரின் வயதுதான் கணக்கு. குழந்தைகள் இறந்தால் எந்தக் கணக்கும் அர்த்தமற்றுப் போகிறது. 2013-இல் பத்து வயதுச் சிறுவன் ஒருவனுக்கு ஆண்டு வருமானம் 30,000 என்று வைத்து ஐந்து லட்சம் கொடுத்தார்கள். அதைப் பற்றி மேலே எழுத எனக்கு மனமில்லை.

இந்தக் கணக்குக்குள்ளேயே வராத சாவுகளும் உண்டு. இரவில் கிழக்குக் கடற்கரைச் சாலையில் படுத்திருக்கும் மாட்டின்மீது பைக் மோதி, ஓட்டியவரே இறந்துபோனால், எதிரில் வண்டி இல்லை. யார்மீது வழக்குப் போடுவது? சொந்த வண்டி, உரிமம் செல்லும், கட்டாயத் தனிநபர் விபத்துக் காப்பீட்டுக்குப் பிரீமியம் கட்டியிருந்தால் 15 லட்சம் கிடைக்கும். நண்பரின் வண்டியைக் கேட்டு வாங்கி ஓட்டியவர் என்றால் பெரும்பாலும் அதற்கும் வழியில்லை. அடித்துவிட்டு ஓடிப்போன வண்டி என்றால் 161-ஆம் பிரிவின்படி இரண்டு லட்சம். 2022-க்கு முன் அது 25,000-தான். கேட்டால் கிடைக்கும். கேட்பவர் இல்லை. கோவை எலும்பு முறிவு மருத்துவர் ராஜசேகரன் 2012-இல் தொடுத்த பொதுநல வழக்கில் 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்த விவரம் இது: 2022-இல் நாடு முழுவதும் இப்படி அடித்துவிட்டு ஓடிய விபத்துகள் 67,387, 2022-23-இல் வந்த விண்ணப்பங்கள் 205. ஒரு மாதத்தில் வண்டி அடையாளம் தெரியவில்லையென்றால், இப்படி ஒரு நிவாரணம் உண்டு என்று காவல் நிலையமே குடும்பத்துக்கு எழுத்தில் சொல்ல வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டது. முதலமைச்சரின் பொது நிவாரண நிதியிலிருந்து அறிவிக்கப்படும் தொகை இவற்றிலிருந்து வேறு. அது வந்துவிட்டது, இனி ஒன்றும் இல்லை என்று எண்ணி மனுப் போடாமல் விடும் குடும்பங்களும் உண்டு.

அரசுப் பேருந்து மோதினால் இன்னொரு சங்கடம். சட்டம் அரசுப் போக்குவரத்துக் கழகங்களுக்கு இன்சூரன்ஸிலிருந்து விலக்குத் தந்திருக்கிறது, தாங்களே நிதி வைத்துக் கொடுக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு. தொகை வராமல் ஆண்டுகள் கடக்கும்போது நிறைவேற்று மனுப் போட்டு, பேருந்து நிலையத்திலேயே பேருந்தை ஜப்தி செய்கிறார்கள். இறங்கி நிற்கும் பயணிகளின் படத்தோடு அந்தச் செய்தியை நாம் பலமுறை வாசித்திருக்கிறோம். அந்தப் படத்தில் இல்லாதவர், தீர்ப்பு வாங்கி வைத்துக்கொண்டு காத்திருந்த விதவை.

பணம் வந்த பிறகும் ஒரு கேள்வி இருக்கிறது. பெருக்கி என்பது வெறும் ஆண்டுக்கணக்கு அல்ல. மொத்தமாகக் கிடைக்கும் தொகையை வங்கியில் போட்டால், வட்டியும் முதலில் கொஞ்சமுமாக எடுத்துச் சார்ந்திருப்போர் காலம் தள்ளலாம் என்பதே அதன் உள்ளார்ந்த ஏற்பாடு. சிற்பியின் குடும்பத்துக்குக் கிடைத்த 24,19,200 ரூபாயை ஏழு விழுக்காட்டில் போட்டால் ஆண்டுக்கு 1,69,344 வரும். இழந்த 1,51,200-ஐவிடக் கூடுதலாகவே தெரிகிறது. ஆனால் விலைவாசி ஆண்டுக்கு ஐந்து விழுக்காடு ஏறினால் பதினான்கு பதினைந்து ஆண்டில் செலவு இரு மடங்காகும். வட்டி அப்படியே நிற்கும். முப்பது வயது விதவைக்கு அதற்குப் பிறகும் முப்பது ஆண்டு வாழ்க்கை இருக்கிறது. இங்கிலாந்தில் 1984 முதல் ஆயுள் கணிப்பு வல்லுநர்கள் தயாரிக்கும் ஓக்டன் அட்டவணைகள் இருக்கின்றன. பணவீக்கத்தையும் முதலீட்டு வருவாயையும் பார்த்து அரசு அவ்வப்போது கழிவு விகிதத்தை மாற்றுகிறது; அதற்கேற்பப் பெருக்கியும் மாறும். நம் அட்டவணையோ 2009-இலிருந்து அசையவில்லை. பத்து, பன்னிரண்டு விழுக்காடு வட்டி கிடைத்த தொண்ணூறுகளில் வேர்விட்ட எண்கள் அவை. மூன்றாண்டுக்கு ஒருமுறை 40,000-ஐ உயர்த்த வழிசெய்த நீதிமன்றம், பெருக்கியையும் ஆயுள் கணிப்பு வல்லுநர்களிடம் ஒருமுறை கொடுத்துப் பார்க்கலாம்.

இதற்கெல்லாம் முன்பாக, நாளையே செய்யக்கூடிய ஒன்று இருக்கிறது. 2022-இல் திருத்திய மத்திய மோட்டார் வாகன விதிகளின்படி, காவல்துறை 48 மணி நேரத்தில் முதல் விபத்து அறிக்கையும் 90 நாளில் விரிவான விபத்து அறிக்கையும் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். இடையில், விபத்து நடந்த 60 நாளுக்குள், இறந்தவரின் குடும்பம் படிவம் 6-ஐ நிரப்பித் தர வேண்டும். பதினாறாம் நாள் காரியம் முடிந்து உறவினர்கள் கலைந்துபோன வீட்டில், காவலர் ஒருவரின் கையில் அந்தப் படிவம் வரும். தொழில் என்று ஒரு கட்டம், வருமானம் என்று ஒரு கட்டம். கூலி என்று எழுதி, தோராயமாக ஓர் எண்ணைப் போட்டு, கைநாட்டு வாங்கிக்கொண்டு போய்விடலாம். அல்லது அந்தக் காவலர் திண்ணையில் கொஞ்ச நேரம் உட்கார்ந்து, அம்மா எத்தனை மாடு வைத்திருந்தார்கள், பால் எந்தச் சங்கத்துக்கு ஊற்றினார்கள், அட்டை இருக்கிறதா என்று கேட்கலாம். பால் கூட்டுறவுச் சங்கத்துக்கு ஊற்றும் வீடுகளில் காலைக்கும் மாலைக்கும் எத்தனை லிட்டர் என்று தேதிவாரியாகக் குறித்த அந்த அட்டை, பெரும்பாலும் கூரைச் செருகலிலோ சாமி படத்துக்குப் பின்னாலோதான் இருக்கும்.